‘ஏலா’ என்று எழுதப்பட்டவன்

எனக்கு வருத்தம் என்று ஊருக்குத் தெரியவந்தது ஒரு செவ்வாய்க்கிழமை காலையில். நோயைத்தான் எங்கள் பக்கத்தில் வருத்தம் என்போம். அப்போது நான் பாதைத் துறையில் நின்று சனங்களுக்குப் பாஸ் எழுதிக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

பாதை என்றால் எங்கள் பக்கத்தில் தெரு அல்ல, வாவியைக் கடக்கிற தட்டையான இரும்பு மிதவை. சைக்கிள், ஆடு, நெல் மூட்டை, மனுசர் எல்லாம் ஒன்றாக ஏறிப் படுவான்கரையிலிருந்து எழுவான்கரைக்கு வருவோம். யுத்த காலத்தில் அந்த இரண்டு கரையும் இரண்டு நாடு மாதிரி. எங்கே போகிறாய், ஏன் போகிறாய், பாஸ் எங்கே என்று அந்தக் கரையில் ஒருவர் கேட்பார்; இந்தக் கரையில் வேறொருவர் அதையே கேட்பார். நான் வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடம் படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் குடும்பத்தில் ஐந்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான்தான். அப்பா வட்டையில் கூலிக்கு வேலை செய்கிறவர். வயலுக்கு எங்கள் பக்கத்துச் சொல் வட்டை. கையெழுத்துக் கேட்டால் பெருவிரலை நீட்டுவார்.

அந்தச் செவ்வாய்க்கு முன் ஒன்பது நாள் நான் நித்திரை கொள்ளவில்லை. அலுப்பும் இல்லை. மூளைக்குள் யாரோ எல்லா ஜன்னலையும் திறந்துவிட்ட மாதிரி இருந்தது. தண்ணீரில் வெயில் விழுந்து மினுங்குகிற ஒவ்வொரு புள்ளியும் எனக்கு ஓர் எழுத்தாகத் தெரிந்தது. இத்தனை சனம் ஒரு துண்டுக் காகிதத்துக்காக வெயிலில் நிற்கிறது, எனக்கோ எழுதத் தெரியும், பிறகு என்ன கஷ்டம் என்று ஒரே நொடியில் விளங்கிற்று. விரிவுரைக் கொப்பியைக் கிழித்தேன். “இதைக் கொண்டுவருபவரை எந்தக் கரையிலும் மறிக்கலாகாது” என்று எழுதினேன். கீழே கையெழுத்து: நேசன், கலைப்பீடம்.

சிலர் சிரித்தார்கள், சிலர் விலகி நின்றார்கள். நல்லம்மா மாமி மட்டும் இரண்டு கையையும் நீட்டி வாங்கி, மடித்து, காசு வைக்கிற மணிபேசுக்குள் வைத்தார். எங்களுக்கு அடுத்த வளவுக்காரி. நாலு மாதத்துக்கு முன் அவருடைய மகன் ரவியைப் பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோனார்கள். இறக்கியது யார் என்று தெரியாது. ஒருவரும் ஒரு துண்டும் கொடுக்கவில்லை. மாமி கிழமைக்கு மூன்று தரம் பாதை ஏறி, கதவு கதவாகக் கேட்டுக்கொண்டு திரிந்தார்.

சென்றியில், துறைக் காவலரணில், நின்ற ஆமிக்காரன் ஒரு பாஸை வாங்கித் தலைகீழாகப் பிடித்துப் பார்த்துச் சிரித்தான். அத்தோடு நான் போயிருக்கலாம். போகவில்லை. அவனும் அதில் கையெழுத்து வைக்க வேண்டும் என்று பேனையை அவன் நெஞ்சில் குத்தினேன். அவன் சிரிப்பு நின்றது. துவக்கின் குழல் மேலே வந்தது. பின்னாலிருந்து அப்பா ஓடிவந்து என்னைக் கட்டிப்பிடித்து மண்ணில் விழுத்தி, என் மேலே படுத்துக்கொண்டு, “பைத்தியம் ஐயா, பைத்தியம் ஐயா” என்று சிங்களத்தில் கத்தினார். அவருக்குத் தெரிந்த சிங்களச் சொல் ஏழெட்டு. அதில் அந்தச் சொல்லும் இருந்தது பெரிய காரியம்.

அவருடைய சால்வையாலேயே என் கையைக் கட்டி, லான்ட்மாஸ்டர் உழவு மெஷினில் ஏற்றி, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். எந்த ஆஸ்பத்திரி என்று எழுதப்போவதில்லை. அங்கே நடந்த பிழை ஒரு நல்ல மனுசரின் பிழை, அவரை யாரும் தேடிப்போக வேண்டாம்.

அவரை நாங்கள் சின்ன டொக்டர் என்போம். சிங்களவர். பொறுமையாகப் புத்தகம் வைத்துத் தமிழ் படித்தவர். ஒவ்வொரு சொல்லையும் கழுவி எடுத்து வைக்கிற மாதிரிப் பேசுவார். இரண்டு பேர் என்னைப் பிடித்திருக்க, அவர் என் முகத்துக்கு நேரே குனிந்து கேட்டார்: “நீங்கள் இங்கே தங்கி மருந்து எடுப்பதற்குச் சம்மதமா? சொல்ல ஏலுமா?”

அந்த நேரம் எனக்குள் ஒரு கணம் எல்லாம் அமைதியாயிற்று. நான் அவரைப் பார்த்துச் சொன்னேன்: “ஏலா சேர். எனக்கு ஏலா.”

பிறகு ஊசி. பிறகு ஒன்றும் ஞாபகம் இல்லை.

*

கண் விழித்தது வெள்ளிக்கிழமை. பக்கத்தில் அற்றன்டன் தம்பிராசா அண்ணன் கட்டில் சட்டத்தைத் துடைத்துக்கொண்டு நின்றார்.

“ஆ, கச்சேரி ஐயா எழும்பிட்டார். எனக்கும் ஒரு பாஸ் எழுதித் தாவன் தம்பி. மாமியார் வீட்டுக்குப் போகாம இரிக்க ஒரு பாஸ்.”

அரசாங்கக் காரியாலயத்தைத்தான் எங்கள் பக்கத்தில் கச்சேரி என்பார்கள். சிரிக்கப் பார்த்தேன். நாக்கு தடித்து, வேறு யாருடையதோ மாதிரி வாய்க்குள் கிடந்தது. பேனை ஒன்று தருவீர்களா என்று கேட்டேன். அவர் முகம் மாறிற்று.

“அது மட்டும் கேக்காத. உனக்குப் பேனை குடுக்கப்படா எண்டு துண்டில எழுதியிரிக்கி.”

கட்டில் தலைமாட்டில் தொங்குகிற மருத்துவக் குறிப்பைத்தான் துண்டு என்பார்கள். எட்டி எடுத்து வாசித்தேன். இங்கிலீசு எனக்கு அரைகுறை. ஆனாலும் மேனியா என்ற சொல்லை வாசித்தேன். மனம் அளவுக்கு மேல் எழும்பி, நித்திரையும் பயமும் இல்லாமல், தன்னால் ஆகாதது ஒன்றுமில்லை என்று நம்பவைக்கிற வருத்தம் அது. அதற்குக் கீழே, நோயாளி சம்மதத்தையோ மறுப்பையோ வெளிப்படுத்த இயலாதவர் என்று இருந்தது. பக்கத்தில் தமிழ் எழுத்தில், மேற்கோள் குறிக்குள்: ‘ஏலா’.

நான் அந்த எழுத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். புத்தகத்தில் ‘ஏலா’ என்றால் முடியாது. எங்கள் பக்கத்தில் ‘எனக்கு ஏலா’ என்றால் எனக்குச் சுகமில்லை என்று அர்த்தம். என்னைப் பாருங்கள் என்று அர்த்தம். ஒன்பது நாளில் நான் புத்தியோடு பேசிய ஒரே சொல் அது. அதைத்தான் பேச முடியாதவன் என்பதற்குச் சாட்சியாக வைத்திருந்தார்கள்.

சின்ன டொக்டர் பின்னேரம் வந்து கட்டிலில் இருந்தார். நான் கேட்டதற்கெல்லாம் ஒளிக்காமல் பதில் சொன்னார். மனவருத்தக்காரருக்கென்று ஒரு சட்டம் இருக்கிறதாம், வெள்ளைக்காரன் காலத்தில் எழுதியது. தானாகச் சம்மதித்துத் தங்குகிறவர் ஒரு வகை. மாட்டேன் என்று நிற்கிறவரைப் பிடித்து வைக்க வேண்டுமானால் நீதவான் பார்க்க வேண்டும். சம்மதமா இல்லையா என்று சொல்லவே முடியாத நிலையில் இருப்பவர் இன்னொரு வகை. அவருக்காகச் சொந்தக்காரர் ஒருவர் எழுத்தில் கேட்க வேண்டும், இரண்டு வைத்தியர்கள் தனித்தனியாகப் பார்த்து ஒப்பமிட வேண்டும். “அப்பாவுடைய விரல் அடையாளம் இருக்கிறது. என் ஒப்பம் இருக்கிறது. இரண்டாவது வைத்தியர் திங்கட்கிழமை வருவார். அப்படி ஒருவரைக் கட்டாயமாக வைத்திருக்கச் சட்டம் இங்கே இடம் கொடுக்காது. கொழும்புப் பக்கத்துப் பெரிய ஆஸ்பத்திரியில் மட்டும்தான். திங்கள் அம்புலன்ஸ் போகிறது.”

கொழும்பு வீதியில் எத்தனை சோதனைச் சாவடி என்று எல்லாருக்கும் தெரியும். இருபத்திரண்டு வயதுத் தமிழ்ப் பொடியன், சீருடையைக் கண்டால் கையெழுத்துக் கேட்கிற வருத்தம். ஒரு சாவடியில் எனக்கு மறுபடி அந்த வெளிச்சம் வந்தால் என் மேலே வந்து படுக்க அப்பா இருக்கமாட்டார்.

ஆனால் பயத்தோடு இன்னொன்றும் வந்தது. அதைச் சொன்னால் நீங்கள் நம்ப வேண்டும். ஆச்சரியம். என்னைப் பிடித்து வைப்பதற்கு ஒருவர் கேட்க வேண்டும், இருவர் ஒப்பமிட வேண்டும், அதுவும் ஒருவர் சொன்னதை நம்பி மற்றவர் வைக்கக்கூடாது, தன் கண்ணால் பார்க்க வேண்டும். புத்தி கெட்டவனை வைத்திருப்பதற்கு! எங்கள் ஊரில் நல்ல புத்தியோடு பஸ்ஸில் இருந்த ரவியை இறக்குவதற்கு ஒரு விரல் அசைவு போதுமாயிருந்தது.

“சேர், ஏலா எண்டு நான் சொன்னது…” என்று தொடங்கினேன். நாக்கு இடறிற்று. அவர் தவறாக விளங்கிக்கொண்டு என் தோளைத் தட்டினார். “கஷ்டப்பட வேண்டாம். ஓய்வெடுங்கள்.”

*

சனிக்கிழமை அப்பாவும் நல்லம்மா மாமியும் வந்தார்கள். மாமி பிளாஸ்கில் தேத்தண்ணியும், ஒரு பேணியில் பயத்தம் உருண்டையும் கொண்டுவந்திருந்தார். அப்பா கட்டிலுக்குக் கிட்ட வராமல் கதவடியிலேயே நின்றார். அவர் வைத்த விரல் என்னைக் கொழும்புக்கு அனுப்பப்போகிறது என்று வாட்டுத் தாதி, மிசி, சொல்லியிருந்தா.

“வாட்டில சேக்கிற கடதாசி எண்டுதான் மகன் வச்சன்” என்றார், என்னைப் பார்க்காமல். “வாசிக்கத் தெரிஞ்ச நீ கட்டுல கிடந்தாய்.”

“பரவால்ல அப்பா.”

“என்ன பரவால்ல? என்ட விரல நான் திருப்பி எடுக்க ஏலுமா எண்டு கேட்டன். அந்த மிசி சிரிக்கிறா.”

மாமி அதற்குள் மிசியின் மேசைக்குப் போயிருந்தார். “இவன்ட பேர் எழுதின கொப்பி எது மிசி? ஒருக்காக் காட்டுங்கவன்.”

“ஏன் அம்மா?”

“சும்மா, பாக்கத்தான்.”

மிசிக்கு என்ன தோன்றியதோ, பெரிய பதிவேட்டைத் திருப்பிக் காட்டினா. மாமிக்கும் வாசிக்கத் தெரியாது. மிசி காட்டிய வரியில் விரலை வைத்தார்.

“இதுதானா?”

“ஓம்.”

“எத்தின மணிக்கு வந்தானெண்டும் இரிக்கா?”

“ஓம், இந்தா.”

“ஆர் கொணந்த எண்டும்?”

“அதுவும் இரிக்கி.”

மாமி விரலை எடுக்கவில்லை. “பைத்தியத்துக்கு இவ்வளவு எழுத்தா கா?” என்றார்.

தம்பிராசா அண்ணன் கூட்டுகிற தும்புத்தடியோடு அந்தப் பக்கம் வந்தவர், “நீங்களும் ரெண்டு நாள் இரிங்கவன் மாமி, உங்கட பேரையும் எழுதுவம்” என்றார்.

“எழுது ராசா. தொலைஞ்சு போனா வந்து பாக்கிறதுக்கு ஒரு இடமாவது இரிக்கும்” என்றார் மாமி. அண்ணன் தும்புத்தடியைச் சுவரில் சாய்த்தார். பிறகு மாமிக்கு இருக்கக் கதிரை கொண்டுவந்து போட்டார்.

*

ஞாயிறு பின்னேரம் கழுத்து ஒரு பக்கமாக இழுக்கத் தொடங்கிற்று. திங்கள் காலையில் தாடை பூட்டிக்கொண்டது. பல்லைப் பல் கடித்தபடி, கண் மேலே செருகி, முகம் தோளைப் பார்த்துக் கிறுகிப்போய்க் கிடந்தேன். டிஸ்ரோனியா என்று அதற்குப் பெயர். ஊசி மருந்து சிலருக்குத் தசைகளை இப்படிப் பூட்டிவிடும். உயிருக்குப் பெரும்பாலும் மோசமில்லை, மாற்று ஊசி போட்டால் இளகிவிடும். அப்போது எனக்கு அது தெரியாது. ஒரு சொல்லைத் திருத்துவதற்கு மூன்று நாளாக நாக்கைத் தயார்பண்ணி வைத்திருந்தேன். அன்றைக்குப் பார்த்து வாயே இல்லை.

இரண்டாவது வைத்தியர் ஒரு பெண். தமிழர்தான், ஆனால் கொழும்பில் வளர்ந்தவர். முற்றத்தில் அம்புலன்ஸ் இன்ஜினைப் போட்டபடி நின்றது. ஏற்கெனவே ஒரு நோயாளி அதில் ஏறியிருந்தார். ஆமி வீதியைத் திறந்து வைத்திருக்கிற நேரம் முடிவதற்குள் கிளம்ப வேண்டும் என்று சாரதி கதவடியில் வந்து நின்றுகொண்டான்.

அவர் என்னைக் கண்டதும் துண்டைப் பார்க்கவில்லை, என் கழுத்தைத் தொட்டார். “இது வருத்தமில்ல, மருந்தின்ட வேலை. மிசி, மாற்று ஊசி. தாடை இளகக் கால் மணித்தியாலம் எடுக்கும்.”

“கால் மணித்தியாலத்தில ரோட்டு மூடிடும் டொக்டர்” என்றான் சாரதி.

டொக்டர் அப்போதுதான் துண்டை வாசித்தார். வாசித்துவிட்டு என்னைப் பார்த்தார். பேச முடியாதவன் என்று எழுதியிருக்கிறது. முன்னால் பேச முடியாமல் ஒருவன் கிடக்கிறான். ஒப்பம் வைத்துவிட்டுப் போயிருந்தால் அவரில் ஒரு குற்றமும் சொல்ல முடியாது.

கதவடியிலிருந்து அப்பா உள்ளே வந்தார். வாட்டுக்குள் அவர் அதுவரை சத்தமாகப் பேசியதில்லை.

“அம்மா, ஒரு கதை. அதுல ஏலா எண்டு எழுதியிரிக்காமே, மிசி செல்லித்தான் தெரியும்.”

“ஓம் ஐயா.”

“எங்கட பக்கத்தில காய்ச்சல் எண்டாலும் ஏலா எண்டுதான் செல்லுற. பல்லுக் கொதிச்சாலும் ஏலா எண்டுதான் செல்லுற. மாடு படுத்தாலும், மாட்டுக்கு ஏலா எண்டுதான் செல்லுற. அவன் வருத்தம் எண்டு சென்னவன் அம்மா. பேச ஏலா எண்டு செல்லல்ல.”

சின்ன டொக்டர் சுவரோரம் நின்றார். அவர் காது சிவந்துபோனதை இழுத்த கண்ணாலும் கண்டேன்.

பெண் டொக்டர் அப்பாவிடம், “நீங்க சொல்லுறது சரியா இருக்கலாம் ஐயா. ஆனா அவர்ட சம்மதத்தை நீங்க சொல்ல ஏலாது. அவர்தான் சொல்லணும்” என்றார். பிறகு என் பக்கம் திரும்பினார். “எழுதுவீங்களா?”

நான் கையை அசைத்தேன்.

“பேனை குடுங்க.”

தம்பிராசா அண்ணன் பதறிப்போனார். “டொக்டர், இவருக்குப் பேனை குடுக்கப்படா. வருத்தமே அதுதான்.”

வெளியே இன்ஜின் உறுமிக்கொண்டிருந்தது. டொக்டர் தன் சட்டைப் பையிலிருந்த பேனையை எடுத்து, மூடியைக் கழற்றி, என் விரல்களுக்குள் வைத்தார். துண்டைத் திருப்பி அதன் வெறும் பக்கத்தைப் பிடித்தார்.

தலை ஒரு பக்கம் இழுத்திருந்ததால் எழுதுவதை என்னால் பார்க்க முடியவில்லை. அப்பாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டுதான் எழுதினேன். எழுத்து ஏறியும் இறங்கியும் போனதாம். அந்தத் துண்டைப் பிறகு பார்த்தேன். இப்படி இருந்தது:

“எனக்கு ஏலா. ஆனால் சொல்ல ஏலும். இங்கேயே இருந்து மருந்து எடுக்கச் சம்மதம்.”

டொக்டர் அதை இரண்டு தரம் வாசித்தார். அப்பாவுக்காக ஒருக்காச் சத்தமாகவும் வாசித்தார். பிறகு சாரதியிடம், “நீங்க போங்க, இவர் வரல்ல” என்றார். சின்ன டொக்டர் முன்னால் வந்து, தான் எழுதிய வரியைக் கோடிழுத்து வெட்டி, வெட்டிய இடத்தில் தன் பெயரையும் நேரத்தையும் எழுதினார். பிழையை வெட்டினாலும் வெட்டினவன் பெயர் அங்கே இருக்க வேண்டுமாம். நான் அதையும் பார்த்து வியந்தேன்.

ஊசி போட்டுக் கொஞ்ச நேரத்தில் தாடை இளகிற்று. நான் முதலில் கேட்டது தேத்தண்ணி.

*

அதன்பிறகு முப்பத்தேழு நாள் அந்த வாட்டில் இருந்தேன். லிதியம் என்ற உப்புக் குளிசை கொடுத்தார்கள். மனம் மேலேயும் கீழேயும் பாயாமல் பிடித்து வைக்கிற மருந்து; இரத்தத்தில் அதன் அளவு கூடினால் நஞ்சு, குறைந்தால் பயனில்லை என்பதால் அடிக்கடி இரத்தம் எடுத்தார்கள். கை நடுங்கிற்று. தாகம் தாங்க முடியவில்லை. அந்தப் பெரிய வெளிச்சம் மெல்ல மெல்ல வடிந்தது. வடிந்த நாட்களில் அழுதேன் என்பதையும் எழுத வேண்டும். வாவித் தண்ணீர் ஜன்னலால் தெரியும். அது வெறும் தண்ணீராகவே கிடந்தது.

சின்ன டொக்டர் தினமும் என்னிடம் ஒரு சொல் கேட்பார். மறுகா என்றால் என்ன, பிறகு என்பதா? கிறுகு என்றால் திரும்புவதா? கொப்பி வைத்து எழுதிக்கொண்டார். ஒருநாள் அவரே சொன்னார்: “இப்போது நீங்கள் சம்மதித்துத் தங்குகிறவர். போக விரும்பினால் எழுத்தில் அறிவிக்கலாம். மூன்று நாள் கழித்து நாங்கள் விட வேண்டும்.”

“மூண்டு நாள் ஏன் சேர்?”

“எங்களுக்கு யோசிக்க. உங்களுக்கும்.”

பேனைத் தடை அதற்குள் நீங்கியிருந்தது. அன்றைக்கே அந்த அறிவித்தலை எழுதினேன். நான் இன்னார், இந்த வாட்டிலிருந்து வெளியேற விரும்புகிறேன். திகதி மட்டும் போடவில்லை. தலையணைக்குக் கீழே வைத்துப் படுத்தேன். ஒவ்வொரு நாளும் இருக்கிறதா என்று தடவிப் பார்ப்பேன். ஒருநாளும் கொடுக்கவில்லை. உள்ளேயிருந்து திறக்கக்கூடிய கதவுக்குப் பின்னால் மனுசன் எவ்வளவு அமைதியாக இருக்கலாம் என்று எனக்கு அதற்கு முன் தெரியாது.

துண்டு வெட்டி வீட்டுக்கு அனுப்பிய நாள் அப்பா வந்து கூட்டிப்போனார். பாதைத் துறையில் அதே வரிசை, அதே சென்றி, வேறு ஆமிக்காரன். கிளினிக் கொப்பியைக் காட்டினேன். பார்த்துத் திருப்பித் தந்தான். நான் அவனிடம் கையெழுத்துக் கேட்கவில்லை.

மிதவையில் நல்லம்மா மாமி நின்றார். பட்டினத்துக்குக் கேட்கப் போய்க் கிறுகி வருகிறார். ஒன்றும் கிடைக்கவில்லை என்று கேட்காமலே தெரிந்தது. பாதை நடு வாவிக்கு வந்தபோது மணிபேசைத் திறந்து, நாலாக மடித்த ஒரு காகிதத்தை எடுத்தார். என் விரிவுரைக் கொப்பித் தாள். மடிப்பில் கிழியத் தொடங்கியிருந்தது.

“மாமி, அது வருத்தத்தில எழுதின. அதுக்கு ஒரு பெறுமதியும் இல்ல.”

“தெரியும் மகன். ஆனா இதுல ரவிட பேர் இல்லையே. ஆஸ்பத்திரிக் கொப்பியில உன்ட பேர் இரிந்த மாதிரி எழுது.”

அப்பா என்னைப் பார்த்தார். பேனை குடுக்கப்படா என்று அவருக்கும் சொல்லியிருந்தார்கள். தடை நீங்கியதை யாரும் அவருக்குச் சொல்லவில்லை. கொஞ்சம் யோசித்தார். பிறகு பக்கத்தில் சைக்கிளோடு நின்ற மாஸ்டர் ஒருவரிடம் போய்ப் பேனை கேட்டு வாங்கி, அந்த டொக்டர் செய்த மாதிரியே மூடியைக் கழற்றி என் கையில் வைத்தார்.

காகிதத்தைச் சைக்கிள் சீட்டில் விரித்து, பழைய வரிக்குக் கீழே எழுதினேன். பெயர். வயது. பஸ்ஸிலிருந்து இறக்கிய நாள், நேரம், இடம். மாமி ஒவ்வொன்றாகச் சொன்னார், நிமிசம் தவறாமல். கொண்டுபோனவர் என்று எழுதி, அந்த இடத்தை வெறுமையாக விட்டேன்.

“கையெழுத்து வை” என்றார்.

வைத்தேன். திகதியும் போட்டேன். அன்றைக்கு எனக்கு முழுச் சுகம்.